நாய்க்கு ஒரு நடைபாலம்

1978ஆம் ஆண்டில், லண்டன் கிரஃப்ட்ஸ் நாய்க் கண்காட்சியின் இடைவேளையில், குதிரைகளின் தடைதாண்டலைப் பின்பற்றி நாய்களை ஓடவிட்டனர். அவ்விளையாட்டு பின்னர் உலகெங்கும் பரவிற்று. பாறசாலையில் நம் வீட்டு முற்றத்திலும் அதனை அமைக்கலாம். கடைச்சரக்கு எதுவும் வேண்டா.

ஓரடி அகலப் பலகையைச் செங்கற்கள்மீது ஆடாமல் கிடத்துங்கள். மழை மிகுந்த ஊர், பலகை வழுக்கும். ஆதலின் சாக்கினை இறுகச் சுற்றித் தைத்துவிடுங்கள். தாண்டுவதற்குரிய கழியையோ ஒருபோதும் கட்டலாகாது. கால் பட்டவுடன் அது விழவேண்டும். இதனை அறியாமல் நான் கயிற்றால் கட்டினேன். எங்கள் நாய் இரு வாரம் நொண்டிற்று. இன்றும் அதன் முகத்தைப் பார்க்க எனக்குக் கூச்சமே.

ஓராண்டு நிரம்பாத குட்டிக்கு எலும்பு முற்றியிராது. அது தாண்டவேண்டா, தாழ்ந்த பலகையில் நடந்தாற் போதும். அஞ்சி நின்றால் இழுக்காதீர்கள். மறுமுனையில் அவித்த முட்டைத் துண்டு ஒன்றை வைத்துவிட்டுக் காத்திருங்கள்.