பல மரமும் ஒரு மரமும்
(சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



நம்மவருள் வழக்கறிஞராகவும் தணிக்கையாளராகவும் அலுவலகம் திறக்கும் இளைஞர் தொகை பெருகி வருகின்றது. மகிழத்தக்கதே. எனினும் அவருட் பலர், நிலத் தகராறு, கடன் பத்திரம், வரிக் கணக்கு என வந்தவற்றையெல்லாம் ஏற்று, ஒன்றிலும் பெயர் பெறாது உழல்கின்றனர். பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டான் என்பது முதுமொழி. "வருபவரை விலக்கினால் வயிற்றுக்கு வழி யாது?" என்பர். அவ்வச்சம் நியாயமானதே. அதற்கு விடையாக ஒரு வரலாறு கூறுவேன்.

1948-ஆம் ஆண்டில் நியூயார்க் நகரில் ஸ்கேடன், ஸ்லேட், ஆர்ப்ஸ் என்னும் மூவர் ஒரு சட்ட நிலையம் தொடங்கினர். அவர்கள் முதலில் அமர்த்திக்கொண்ட இளைஞர் ஜோசப் பிளாம்; ஏழை யூதக் குடியிற் பிறந்தவர். அந்நாளில் அந்நகரத்துப் பெருநிலையங்கள் யூதருக்கு எளிதிற் கதவு திறந்தில. புதிய நிலையமோ கிடைத்த பணியைச் செய்தே பிழைத்தது.

பங்குதாரரின் வாக்கைத் திரட்டி ஒரு கம்பெனியின் ஆட்சியைக் கைப்பற்றும் போராட்டங்கள் அக்காலத்தில் நிகழ்ந்தன. அவற்றைத் தம் மதிப்பிற்குக் குறைவென்று பெருநிலையத்தார் ஒதுக்கினர். பிளாம் அவற்றையே விரும்பி ஏற்று, அத்துறையின் நுணுக்கமெல்லாம் கற்றுத் தேர்ந்தார். 1970-களில் பெருங்கம்பெனிகளே ஒன்றையொன்று கைப்பற்றத் தலைப்பட்டபோது, அவ்வித்தை அறிந்தவர் சிலரே. முன்பு ஒதுக்கப்பட்ட பணியே அவரைத் தேடிப் பெருஞ்செல்வரை வரச் செய்தது.

இதனால் அறியத்தக்கவை யாவை? அவர் பழைய பணியை ஒரே நாளில் உதறவில்லை. பொதுப்பணியினின்றே சிறப்புப்பணி முளைத்தது. பிறர் வெறுத்த வாயிலையே அவர் தேர்ந்தார். பயன் விளைய இருபதாண்டுக்கு மேலாயிற்று.

இளைஞர்களே! உங்கள் மூன்றாண்டுப் பதிவேட்டைப் புரட்டுங்கள். எவ்வகைப் பணி மீண்டும் மீண்டும் வருகின்றது? எதனைப் பிறரினும் நன்கு செய்கின்றீர்கள்? விசைத்தறியாளர் கணக்காயின், தறியின் நடைமுறையையும் நூல் விலையையும் கற்றுக்கொள்ளுங்கள். ஒரு தறியாளர் மனநிறைவு பெற்றால் பத்துத் தறியாளரை அழைத்து வருவார். பொதுப்பணியைச் சிறிது சிறிதாகக் குறையுங்கள். அத்தொழில் தளருங்காலத்தும் நிற்கும்படி அதனையொட்டிய மற்றொரு துறையையும் பயிலுங்கள்.

விலக்கும் கட்சிக்காரரை வெறுங்கையோடு அனுப்பாதீர்கள். அத்துறை வல்ல நம் சகோதரர் ஒருவரிடம் சேர்ப்பியுங்கள். ஒருவர் நிலம், ஒருவர் வரி, ஒருவர் கூட்டுறவு என்று பிரித்துக்கொண்டால், போட்டியிட்டு மெலியும் பத்து அலுவலகங்கள் ஒன்றையொன்று தாங்கி வாழும். சங்கம் இருப்பதும் அதற்கே அன்றோ?