எஞ்சியவர்களின் கதை

(ஐதராபாத், பாக்லிங்கம்பள்ளி சுந்தரய்யா விஞ்ஞான கேந்திரத்தில் தமிழ் வாசகர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



தற்கொலையையும், அதற்குப் பின் வாழ வேண்டியவர்களையும் பேசும் நாவல்கள் குறித்து உரையாற்றப் பணித்திருக்கிறீர்கள். என்னுடைய தவறு ஒன்றிலிருந்து தொடங்குவதே முறையாக இருக்கும்.

பல ஆண்டுகளுக்கு முன்பு, பருத்தி விவசாயிகளின் தற்கொலைகள் பற்றிய ஆங்கில அறிக்கை ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருந்தேன். பக்க அளவு மீறிவிட்டது. அறிக்கையில் மாவட்டவாரியான அட்டவணை இருந்தது. வங்கிக் கடன், தனியார் கடன் பற்றிய பகுப்பாய்வு இருந்தது. எடுத்துக்காட்டாகச் சுட்டப்பட்ட ஒரு விவசாயியின் வீட்டைப் பற்றி ஒரு பத்தியும் இருந்தது. அந்தப் பத்தியை நீக்கினேன். அரசியல் உள்ளடக்கம் ஏதும் குறைந்துவிடவில்லை என்று அப்போது உறுதியாக நம்பினேன். வெளியீடு வந்த பின்னர், கீழத்தஞ்சையைச் சேர்ந்த மூத்த தோழர் ஒருவர், விவசாயத் தொழிலாளர் சங்கத்தில் நெடுங்காலம் பணியாற்றியவர், அந்த விவசாயியின் பெயரின் மீது விரலை வைத்துக்கொண்டு என்னிடம் கேட்டார்: "எல்லாம் சரி தோழர், இவரு சம்சாரம் இப்ப என்ன பண்ணுது?" விடை நான் நீக்கிய பத்தியில் இருந்தது. கணவனின் கடன் மனைவியின் பெயருக்கு மாற்றி எழுதப்பட்டிருந்தது; அவர் அடுத்தவர் காட்டில் பருத்தி எடுக்கக் கூலிக்குப் போய்க்கொண்டிருந்தார். இதைவிட அரசியல் உள்ளடக்கம் கொண்ட பத்தி அந்த அறிக்கையில் வேறு இல்லை.

தற்கொலை நிகழ்ந்த வீட்டு வாசலில் அரசு வந்து நின்று, "ஏன் இறந்தார்?" என்று கேட்கிறது. விடையை எழுதியதும் கோப்பு மூடப்படுகிறது. நாம் சொல்லப்போகும் நாவல்கள், கோப்பு மூடப்பட்ட இடத்தில் தொடங்குகின்றன.

இந்த மாநிலத்திலேயே பாருங்கள். ஒருங்கிணைந்த ஆந்திரப் பிரதேசத்தில் 2004 ஜூனில் வெளியான 421ஆம் எண் அரசாணை, தற்கொலை செய்துகொண்ட விவசாயியின் குடும்பத்துக்கு ஒன்றரை லட்ச ரூபாய் வழங்க வகைசெய்தது. தெலங்கானா அரசு 2015இல் அதை 6 லட்சமாக உயர்த்தியது. தொகை கைக்கு வர வேண்டுமெனில், வருவாய், காவல், வேளாண் துறை அதிகாரிகள் அடங்கிய மூவர் குழு, இது விவசாயத் தற்கொலைதான் என்று சான்றளிக்க வேண்டும். பட்டாதார் பாஸ்புத்தகம், கடன் பத்திரம், பிரேதப் பரிசோதனை அறிக்கை என்று கணவனை இழந்த பெண் தாள்களைச் சேகரித்துக்கொண்டு அலைய வேண்டும். கவுல் ரைத்து என்று இங்கே அழைக்கப்படும் குத்தகை விவசாயிக்குப் பாஸ்புத்தகம் ஏது? வட்டிக்காரர் எந்தத் தாளில் கையெழுத்திட்டுக் கடன் கொடுத்தார்? 2018இல் வந்த ரைத்து பீமா காப்பீடும் நிலம் பெயரில் உள்ளவர்களுக்கே. நிலமற்ற கூலித் தொழிலாளியின் நிலையோ இதனினும் கீழ். தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022ஆம் ஆண்டுக் கணக்கின்படி, வேளாண்மையைச் சார்ந்து வாழ்ந்து தற்கொலை செய்துகொண்டவர்கள் 11,290 பேர். அவர்களுள் விவசாயிகள் 5,207; விவசாயத் தொழிலாளர்கள் 6,083. பெரிய எண் எது என்பதைக் கவனியுங்கள்.

இந்த மூவர் குழுவைப் போன்ற ஒன்றையே கதையின் நடுவில் நிறுத்திய ஆங்கில நாவல் கோட்டா நீலிமாவின் 'ஷூஸ் ஆஃப் தி டெட்' (2013). நாவலாசிரியர் இன்று தெலங்கானா காங்கிரஸ் அரசியலில் இருப்பவர். அவருடைய அரசியல் வேறு, நம்முடையது வேறு. ஆயினும் நாவலின் அடிப்படைக் காட்சி வலுவானது. சுதாகர் என்ற விவசாயி கடனால் இறக்கிறான். மாவட்டக் குழு அது விவசாயத் தற்கொலை அல்லவென்று தள்ளிவிடுகிறது. மனைவிக்கு உதவித்தொகை மறுக்கப்படுகிறது. தம்பியின்... இல்லை, உடன்பிறந்தவனின் சாவுக்கு நியாயம் கேட்டு கங்கிரி புறப்படுகிறான். ஒவ்வொரு சாவையும் சாவாக ஏற்கவைப்பதற்காக அந்தக் குழுவோடு மல்லுக்கு நிற்பதே அவன் வாழ்க்கையாகிவிடுகிறது. இந்தியில் சஞ்சீவ் எழுதிய 'ஃபான்ஸ்' (2015) விதர்ப்பாவைக் களமாகக் கொண்டது. அதையும் இந்த வரிசையில் வைத்துப் படிக்க வேண்டும்.

அதே மூவர் குழுவின் குரலை இந்நகரத்துப் பல்கலைக்கழகத்திலும் கேட்டோம். 2008 பிப்ரவரியில், சேலம் மாவட்டத்திலிருந்து ஐதராபாத் மத்தியப் பல்கலைக்கழகத்துக்கு இயற்பியல் ஆய்வுக்கு வந்த தலித் மாணவர் செந்தில்குமார் இறந்தார். நம் ஊர்ப் பிள்ளை என்பதால் மட்டும் சொல்லவில்லை. எட்டு ஆண்டுகள் கழித்து ரோஹித் வெமுலாவுக்காக நாடே எழுந்தபோது, செந்தில்குமாரின் பெயரை நம்மில் எத்தனை பேர் நினைவில் வைத்திருந்தோம்? ரோஹித் 2016 ஜனவரி 17 அன்று இறந்தார். தையல் தொழிலால் பிள்ளைகளை வளர்த்த தாய் ராதிகா வெமுலாவிடம் அரசு எதைக் கேட்டது? சாதிச் சான்று கேட்டது. மகனை இழந்த துயரம் ஆறுவதற்குள், தான் இன்ன சாதி என்று மெய்ப்பிக்கும் வேலை அந்தத் தாயின் தலையில் விழுந்தது. ஒருநபர் ஆணையம் தனிப்பட்ட காரணம் என்றது. 2024 மேயில் தெலங்கானா காவல்துறை வழக்கை முடிக்கும் அறிக்கையையே அளித்தது. எதிர்ப்பு எழுந்த பின்னர்தான் மேல்விசாரணை என்று சொன்னார்கள். அதற்கிடையே, 2019இல் மும்பையில் மகள் பாயல் தாட்வியைப் பறிகொடுத்த ஆபிதா சலீம் தாட்வியோடு சேர்ந்து, உயர்கல்வி நிலையங்களில் சாதிப் பாகுபாட்டுக்கு எதிராக ராதிகா உச்சநீதிமன்றத்தின் கதவைத் தட்டினார். இரண்டு தாய்மார்கள் ஒரே மனுவில் கையெழுத்திடும் அந்தக் காட்சியை எழுதும் நாவலாசிரியர் ஒருநாள் வருவார் என்று எதிர்பார்க்கிறேன்.

தமிழுக்கு வருவோம். எஞ்சியவர்களின் துயரம் நம் இலக்கியத்துக்குப் புதிதன்று. கோப்பெருஞ்சோழன் வடக்கிருந்து உயிர்விட்டபோது, உடன் இருக்க வந்த பொத்தியாரை, மகன் பிறந்த பிறகு வா என்று திருப்பி அனுப்பினான். அரசன் இல்லாத உறையூரை அவர் கண்ட காட்சியும், பின்பு நடுகல்லின் முன் அவர் நின்ற நிலையும் புறநானூற்றில் உள்ளன. முதுகலை வகுப்பில் இவற்றைத் துறை விளக்கத்துக்காகப் படித்தேன். நண்பனின் சாவுக்குப் பின் வீடு திரும்ப வேண்டியிருந்த ஒரு மனிதனின் குரல் அது என்பது நெடுங்காலம் கழித்தே புரிந்தது.

இக்காலத் தமிழில் நான் முதலில் வைப்பது பெருமாள்முருகனின் 'ஆலவாயன்'. 'மாதொருபாகன்' (2010) நாவலின் இறுதியில் காளி சாவின் விளிம்பில் நிற்கிறான். அவன் செத்தானா, பிழைத்தானா என்ற கேள்விக்கு ஆசிரியர் 2014இல் இரண்டு தொடர் நாவல்களை எழுதினார். 'அர்த்தநாரி'யில் காளி பிழைக்கிறான். மனைவியோடு பேசாமல் இருப்பதையே தண்டனையாக்குகிறான். 'ஆலவாயனில்' காளி இறந்துவிடுகிறான். சாதிய அமைப்புகள் 'மாதொருபாகனை' எரித்ததும், 2015 ஜனவரியில் தன்னுள் இருந்த எழுத்தாளன் இறந்துவிட்டதாக ஆசிரியரே அறிவித்ததும், தமுஎகச நீதிமன்றம் சென்றதும், 2016 ஜூலையில் உயர்நீதிமன்றம் எழுத்துரிமையை நிலைநாட்டியதும் நீங்கள் அறிந்தவை. அந்தப் புயலில் 'ஆலவாயன்' கவனம் பெறாமல் போயிற்று. எனக்கு அது மூன்றிலும் ஆழமானது.

காளியின் சாவு மனைவி பொன்னாவின் மீது எறியப்பட்ட குற்றச்சாட்டு. பிள்ளையில்லாக் குறையைத் தீர்க்கத் தேர்த்திருவிழாவுக்கு அவளை அனுப்பியது இரு குடும்பங்களின் பெரியவர்கள். ஊரின் ஏச்சுப் பேச்சு. சொத்துக்கு வாரிசு வேண்டும் என்ற வேளாண் சமூகத்தின் கட்டாயம். தண்டனை மட்டும் அவளுக்கு. அவளும் உயிரை விட்டுவிடுவாளோ என்று தாய் வல்லாயியும் மாமியார் சீராயியும் இரவும் பகலும் காவல் இருக்கிறார்கள். மகனைப் பறிகொடுத்த சீராயி, தன் துயரத்தை ஒருபக்கம் தள்ளிவைத்துவிட்டு மருமகளுக்குக் காவல் இருப்பது எளிய செய்தியா? பொன்னா கருவுற்றிருப்பது தெரிந்ததும் அடுத்த அச்சம் தொடங்குகிறது: தாலியறுத்தவள் வயிற்றுப் பிள்ளை யாருடையது என்று ஊர் கேட்கும். அந்த வாயை முன்கூட்டியே அடைக்க வழிதேடுபவளும் சீராயிதான். காளி விட்டுப்போன காட்டு வேலையும் மாட்டு வேலையும் சிறிது சிறிதாகப் பொன்னாவின் கைக்கு வருகின்றன. அவன்மீது அவளுக்கு அன்பும் உண்டு, ஆறாத சினமும் உண்டு. இறந்தவன்மீது கோபப்படும் உரிமையை அவளுக்கு இந்த நாவல் வழங்குகிறது. நம்முடைய இரங்கல் குறிப்புகளில் அதற்கு இடமே இல்லை.

இமையத்தின் 'செல்லாத பணம்' (2018, சாகித்திய அகாதமி விருது 2020) வேறு வகையானது. பொறியியல் படித்த ரேவதி, பர்மாவிலிருந்து திரும்பிய குடும்பத்தைச் சேர்ந்த ஆட்டோ ஓட்டுநரை மணக்கிறாள். தீக்காயங்களோடு புதுச்சேரி ஜிப்மர் மருத்துவமனையில் கிடக்கிறாள். தானே செய்துகொண்டாளா, அந்நிலைக்குத் தள்ளப்பட்டாளா என்ற கேள்வியை ஆசிரியர் தீர்த்துவைப்பதில்லை. அவர் நம்மை வார்டுக்கு வெளியே, காத்திருப்பவர்களோடு உட்காரவைக்கிறார். தலைமையாசிரியரான தந்தையிடம் பணம் இருக்கிறது; அது செல்லுபடியாகும் இடம் இல்லை. அன்று இதைச் செய்திருக்கலாம், அந்தச் சொல்லைச் சொல்லாமல் இருந்திருக்கலாம் என்ற பேச்சு திரும்பத் திரும்ப வருகிறது. நாவல் நீளம் என்று குறைப்பட்டவர்கள் உண்டு. மருத்துவமனைத் தாழ்வாரத்தில் இரவு கழித்தவர்கள் அப்படிச் சொல்லமாட்டார்கள்.

துயரம் எப்போதும் தூய்மையானது என்று எண்ணிவிட வேண்டாம். இமையத்தின் 'பெத்தவன்' (2012) குறுநாவலில், தலித் இளைஞனை விரும்பிய மகளைக் கொல்லும்படி ஊர் தந்தைக்குக் கட்டளையிடுகிறது. அவர் மகளைத் தப்பவிட்டுவிட்டுத் தான் சாகிறார். அதே 2012 நவம்பரில், தருமபுரியில் சாதி மறுத்துத் திருமணம் செய்துகொண்ட பெண்ணின் தந்தை தற்கொலை செய்துகொண்டார். அந்தச் சாவைக் காட்டி நத்தம் காலனி உள்ளிட்ட தலித் குடியிருப்புகள் கொளுத்தப்பட்டன. ஒரு வீட்டின் துக்கத்தை ஆதிக்க சாதி அரசியல் ஆயுதமாக்கியது.

சாவைக் கொண்டாடும் பழக்கமும் நமக்கு உண்டு. மொழிப் போராட்டத்தில் 1964 ஜனவரியில் உயிர்விட்ட கீழப்பழுவூர் சின்னச்சாமிக்கு மனைவியும் சிறு மகளும் இருந்தனர். மேடைகளில் நாம் கேட்டது அவர் பெயர் மட்டுமே. தனித் தெலங்கானா போராட்டத்தின்போது 2009இல் இந்நகரின் எல்.பி. நகரில் ஸ்ரீகாந்தாச்சாரி என்ற இளைஞர் தீக்குளித்தார். தாய் சங்கரம்மாவை 2014 தேர்தலில் ஒரு கட்சி வேட்பாளராக்கியது, தோற்றார். இந்த மரணங்களுக்கு வீரம் என்ற சொல்லைச் சேர்ப்பதை நான் விட்டுவிட்டேன். அடுத்த இளைஞனுக்கு நாம் வழிகாட்டிவிடுகிறோம் என்ற அச்சம் எனக்கு உண்டு. இங்கே இருப்பவர்களில் எவருக்கேனும், அவர்கள் வீட்டில் எவருக்கேனும் அத்தகைய எண்ணம் தலைகாட்டுமானால், 14416 என்ற அரசின் டெலி மானஸ் எண்ணில் பேசலாம். கிளைத் தோழரிடம் வாய்விட்டுச் சொல்லலாம். அப்படிச் சொல்ல வந்தவரைக் கோழை என்று எந்தத் தோழரும் ஏசிவிடக் கூடாது.

இதெல்லாம் குடும்ப விவகாரம், மார்க்சியத்துக்கு இதில் என்ன வேலை என்று கேட்பவர்களுக்கு ஒரு செய்தி. 1846 ஜனவரியில் மார்க்ஸ் தற்கொலை பற்றி ஒரு கட்டுரை வெளியிட்டார். பெரும்பகுதி மொழிபெயர்ப்பு. பாரிஸ் காவல்துறை ஆவணக் காப்பாளராக இருந்த ழாக் பொஷே என்பவரின் நினைவுக் குறிப்புகளிலிருந்து எடுத்து, தமது சொற்களையும் இடையிடையே சேர்த்திருந்தார். அதில் ஒரு தையற்காரரின் மகள் வருகிறாள். மணம் பேசிய வீட்டில் ஓர் இரவு தங்கிவிட்டாள் என்பதற்காகப் பெற்றோரே அவளை அக்கம்பக்கத்தார் முன் இழிவுபடுத்த, சேன் நதியில் விழுந்து இறக்கிறாள். பிறகு அந்தப் பெற்றோர் காவல் அலுவலகத்துக்கு வருகிறார்கள், மகளின் நகைகளைத் திரும்பப் பெற. முதலாளித்துவக் குடும்பம் என்ன என்பதைச் சொல்ல மார்க்சுக்கு அந்த ஒரு காட்சி போதுமானதாக இருந்தது.

மார்க்சின் மகள் எலியனோர், ஃபிளாபேரின் 'மதாம் பொவாரி' நாவலை 1886இல் ஆங்கிலத்தில் தந்தார். எம்மாவின் தற்கொலையோடு அந்த நாவல் முடிந்துவிடுவதாகவே பலரும் நினைவில் வைத்திருக்கிறார்கள். முடிவதில்லை. கணவன் சார்ல் ஏக்கத்திலேயே இறந்துபோகிறான். சிறுமி பெர்த் பாட்டியிடம் போகிறாள். பாட்டியும் இறக்க, ஏழை அத்தை ஒருத்தி அவளைப் பஞ்சாலைக் கூலி வேலைக்கு அனுப்புகிறாள். எம்மாவின் கடன்களுக்கு இறுதித் தவணை செலுத்துவது அந்தக் குழந்தையின் உழைப்பு. அதை மொழிபெயர்த்த எலியனோரும் 1898இல் தம் உயிரைத் தாமே முடித்துக்கொண்டார். நல்ல அமைப்பாளர், நல்ல பேச்சாளர், என் தொழிலில் என் முன்னோடி. அவரைச் சுற்றி எத்தனையோ தோழர்கள் இருந்தார்கள்.

என்னுடைய அந்தப் பழைய அறிக்கைக்கு இப்போது புதிய பதிப்பு கேட்கிறார்கள். நீக்கிய பத்தியை மூலத்திலிருந்து மீண்டும் எடுத்து மொழிபெயர்த்து வைத்திருக்கிறேன். இம்முறை பக்கம் மிகுந்தால் அட்டவணை சுருங்கட்டும். அடுத்த அமர்வில் 'ஆலவாயன்' நாவலை விவாதிக்கலாம் என்று அமைப்பாளர்கள் கூறுகிறார்கள். பிரதி கிடைக்காதவர்கள் என்னிடம் உள்ளதை வாங்கிச் செல்லலாம். படித்துவிட்டு அடுத்தவருக்குக் கொடுங்கள்.