திரையில் வாள் எடுத்த பெண்கள்

பினாங்கு ஜோர்ஜ்டவுனில், லீத் தெருவில், நீலச் சுவர்களுடன் ஒரு பழைய சீன மாளிகை இருக்கிறது. 2018ஆம் ஆண்டில் வெளிவந்த 'கிரேஸி ரிச் ஏஷியன்ஸ்' என்ற ஆங்கிலப் படத்தின் மாஜோங் ஆட்டக் காட்சியை அங்கேதான் எடுத்தார்கள். அதில் தாயாராக நடித்தவர் மிஷல் இயோ. 1962இல் ஈப்போவில் பிறந்தவர். 2023இல் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் விருதைப் பெற்ற முதல் மலேசியர். அவர் பெயர் பெற்றது சண்டைப் படங்களில். அந்தத் தொழிலைப் பற்றித்தான் இன்று நாம் பேசப்போகிறோம்.

பெண் வாளெடுத்துப் போராடும் படங்கள் அவருக்கு முன்பே வந்துவிட்டன. 1966இல் ஹாங்காங்கின் ஷா பிரதர்ஸ் நிறுவனம் 'கம் டிரிங்க் வித் மீ' என்ற படத்தை வெளியிட்டது. சிறைப்பட்ட அண்ணனை மீட்க ஆண் வேடத்தில் புறப்படும் வீராங்கனையாக செங் பெய்பெய் நடித்தார். அப்போது அவருக்கு வயது 20. அவர் சண்டை கற்று வந்தவரல்லர், நடனம் கற்றவர். தாளத்துக்கு அடி வைக்கத் தெரிந்த கால், வாள் வீச்சுக்கும் அடி வைத்தது.

மிஷல் இயோவும் நடனம் பயின்றவரே. இங்கிலாந்தில் பாலே நடனம் கற்கும்போது முதுகில் காயம் பட்டதால் அந்தக் கனவு கலைந்தது. 1983இல் மலேசிய அழகியாகத் தேர்வானார். பிறகு ஹாங்காங் சென்று, 1985இல் 'எஸ் மேடம்' படத்தில் சண்டை நாயகியானார். இதற்காக ஆண்களோடு சேர்ந்து உடற்பயிற்சிக் கூடத்தில் உதையும் குத்தும் பழகினார்.

திருமணத்துக்குப் பின் சில ஆண்டுகள் விலகியிருந்து, 1992இல் ஜாக்கி சானுடன் மீண்டும் நடித்தார். அந்தப் படத்தில், ஓடும் இரயிலின் மீது மோட்டார் சைக்கிளோடு பாய்ந்து இறங்கினார். அந்தக் காட்சி எடுக்கப்பட்டது நம் மலேசியாவில்தான். 1996இல் வேறொரு படத்துக்காகப் பாலத்திலிருந்து குதித்தார். கீழே அட்டைப் பெட்டிகளும் மெத்தைகளும் இருந்தும், விழுந்த விதம் பிசகி, பலத்த காயத்துடன் மருத்துவமனையில் சேர்ந்தார். 2000இல் வந்த 'கிரவுச்சிங் டைகர், ஹிடன் டிராகன்' படத்தின்போது முழங்கால் தசைநார் அறுந்தது. சிகிச்சை பெற்றுத் திரும்பி வந்து முடித்துக் கொடுத்தார். அதே படத்தில் செங் பெய்பெய் வில்லியாக நடித்தார். அவர் 2024இல் காலமானார்.

நேயர்களே, இதில் நமக்கு என்ன இருக்கிறது என்று கேட்கலாம். பால்மரம் வெட்டும் கையை எண்ணிப் பாருங்கள். பட்டையைச் சீவ வேண்டும். உள்ளே மரத்தைக் காயப்படுத்தக்கூடாது. இந்த அளவு எந்தக் கைக்கும் பிறவியில் வருவதில்லை, பழக்கத்தில் வருகிறது. நம் தாய்மார்கள் தலைமுறை தலைமுறையாக அந்த வேலையைச் செய்தார்கள். பெண்ணின் உடம்பு பலவீனமானது என்று அப்போது யாரும் சொல்லவில்லை.

ஆனால் மகள் சிலம்பமோ கராத்தேயோ கற்க விரும்பினால், "வயதுக்கு வந்த பெண்ணுக்குக் கம்பு எதற்கு?" என்று நாமே தடுத்துவிடுகிறோம். தம்பி மட்டும் பயிற்சிக்குப் போகிறான்; அக்காள் வீட்டில் பாத்திரம் கழுவுகிறாள். இது நியாயமா? பயிற்சி என்பது சண்டைக்குப் போவதற்கன்று. நேராக நிற்கவும், பயமின்றிப் பேசவும், விழுந்தால் அடிபடாமல் விழவும் அது கற்றுத் தருகிறது.

பிள்ளைகளுக்கு இன்னொன்றும் சொல்லி வையுங்கள். திரையில் பறப்பவரை உண்மையில் கம்பி தாங்குகிறது. சுற்றிலும் கைதேர்ந்த குழு நிற்கிறது. அதைப் பார்த்து வீட்டுக் கூரையிலிருந்து குதிப்பது வீரமாகாது. தகுந்த ஆசிரியரிடம், தரையில், முதல் அடியிலிருந்து தொடங்க வேண்டும்.

வேலையில் அடிபட்டவர்களும் காயத்தை மறைக்க வேண்டாம். உடனே மருத்துவரிடம் செல்லுங்கள். நிர்வாகத்திடம் சொல்லி, பெர்கேசோவுக்குத் தெரிவிக்கச் செய்யுங்கள். முழங்காலைக் குணப்படுத்திய பிறகே அந்த நடிகை மீண்டும் வாளைத் தொட்டார்.