ஆலை வாசலும் அழிக்கப்பட்ட பெயரும்



சினிமாக் கொட்டகைக்குப் போகாதவர் நம்மில் யாரும் இல்லை. ஆனால் சினிமா பிறந்தபோது திரையில் முதலில் தோன்றியவர் யார் தெரியுமா? ராஜாவும் அல்ல, ராணியும் அல்ல. ஆலைத் தொழிலாளிகள்! பிரான்சு நாட்டின் லியோன் நகரில், லூமியேர் தொழிற்சாலையின் கதவு திறக்கிறது. ஆண்களும் பெண்களுமாக வேலை முடிந்து வெளியே வருகிறார்கள். 1895 மார்ச் 22-ல் பாரிசில் ஒரு சிறு கூட்டத்துக்கு இது காட்டப்பட்டது. அந்தத் தொழிலாளிகளில் ஒருவர் பெயர்கூடப் படத்தில் இல்லை.

அந்தக் கூட்டத்தில் 21 வயதுப் பெண்ணொருத்தி இருந்தாள். அவள்தான் ஆலிஸ் கீ. தகப்பனாரின் புத்தக வியாபாரம் நொடித்தது, அவரும் இறந்தார். தாயைக் காப்பாற்ற டைப் அடிக்கவும் சுருக்கெழுத்தும் கற்றுக்கொண்டு, காமிரா விற்கும் கம்பெனியில் காரியதரிசியாகச் சேர்ந்தாள். அதுவே பிறகு கோமோன் கம்பெனியாயிற்று.

"இந்தக் கருவியால் கதை சொல்லலாமே!" என்று ஆலிசுக்குத் தோன்றியது. முதலாளியிடம் அனுமதி கேட்டாள். அவர் தந்தார், ஆனால் ஒரு நிபந்தனை: ஆபீஸ் வேலை கெடக்கூடாது! இரட்டை வேலை என்றால் என்ன என்பதை நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. வயலில் களை பறித்துவிட்டு வீட்டில் அடுப்பு மூட்டும் சகோதரிகளுக்கு அது நன்றாகத் தெரியும்.

முட்டைக்கோசுக்குள்ளிருந்து குழந்தைகளை எடுத்துத் தரும் தேவதையின் கதையை 1896-ல் எடுத்ததாக அவர் எழுதியிருக்கிறார். நடிக்க ஆள்? தம் சிநேகிதர்களையே பிடித்தார். அன்றிலிருந்து கதை எழுதுவது, நடிகர்களைப் பொறுக்குவது, உடைக்கும் காட்சி ஜோடனைக்கும் ஏற்பாடு செய்வது, டைரக்ட் செய்வது எல்லாம் அவர் பொறுப்பே. 1906-ல் ஏசுநாதர் வாழ்க்கையை 25 காட்சிகளில், சுமார் 300 துணை நடிகர்களை வைத்து எடுத்தார். இசைத்தட்டில் பாட்டை முதலில் பதிந்து, பாடகரை வாயசைக்க வைத்தும் படம் பிடித்தார். நம் சினிமாப் பாட்டுகள் எடுக்கப்படுவதும் இப்படித்தானே!

1907-ல் திருமணமாகி அமெரிக்கா போனார். வேலையைத் தாம் சேர்த்துக்கொண்ட லூயி ஃபுயாத் கையில் ஒப்படைத்தார். 1910-ல் சோலாக்ஸ் என்ற கம்பெனியைத் தொடங்கினார். ஆம், அவரும் முதலாளியானார். அதை நாம் மறைக்கவில்லை. அங்கே 1912-ல் கறுப்பின நடிகர்களை மட்டுமே வைத்து ஒரு படம் எடுத்தார் என்பதையும் சொல்ல வேண்டும். ஸ்டூடியோ கைவிட்டுப் போயிற்று, மணவாழ்வும் முறிந்தது. 1922-ல் இரண்டு குழந்தைகளுடன் பிரான்சுக்குத் திரும்பினார். அவர் வளர்த்த தொழிலிலேயே அவருக்கு வேலையில்லை!

அதைவிடக் கொடுமை ஒன்று உண்டு. சினிமா சரித்திரம் எழுதியவர்கள் அவரை விட்டுவிட்டார்கள். அவர் எடுத்த படங்களை மற்றவர்கள் பெயரில் எழுதிவைத்தார்கள். முதிய வயதில் அவர் தம் படங்களைத் தேடி அலைந்தார். நூற்றுக்கணக்கில் எடுத்தவர் கண்டுபிடித்தது மிகச் சிலவே. ஆனாலும் சோர்ந்து உட்காரவில்லை. தம் படங்களுக்குத் தாமே பட்டியல் போட்டார்; தம் கதையைத் தாமே எழுதினார். 1968-ல் இறந்தார், அந்த நூல் 1976-ல்தான் அச்சேறியது. 2024 ஜூலை 26-ல், பாரிஸ் ஒலிம்பிக் தொடக்க விழாவில், பாரிஸ் கம்யூன் வீராங்கனை லூயிஸ் மிஷேல் முதலான பெண்களின் பொன்னிறச் சிலைகளோடு ஆலிசின் சிலையும் எழுந்தது.

தோழர்களே, இதிலிருந்து நாம் கற்பது என்ன? உழைப்பைத் திருடுகிறவன் கூலியோடு நிற்பதில்லை, பெயரையும் எடுத்துக்கொள்கிறான். ஆலிஸ் எழுதத் தெரிந்தவர்; ஆகவே தம் பெயரை மீட்டார். அந்த ஆலை வாசலில் வந்த தொழிலாளிகளுக்கு எழுத ஆளில்லை. ஆகவே நம் கணக்கை நாமே எழுதுவோம். சங்கத்தின் குறிப்பேட்டில், நாடகத்தின் நோட்டீசில், வேலை செய்தவர் பெயர் இருக்கட்டும். பெண்களின் பெயர் கடைசி வரியில் அல்ல, அவர்கள் உழைத்த இடத்தில் இருக்கட்டும்!