செவிலித்தாயர் இருவர்

(செவிலிமேட்டில் நம் சங்கத்தார் கூட்டிய திங்கட் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



அமெரிக்க நாட்டின் குடியரசுத் தலைவராய் விளங்கிய ஆபிரகாம் லிங்கனது இளமைப் பருவத்தைப் பற்றிப் பேசுமாறு சங்கத்துச் செயலாளர் என்னைப் பணித்தனர். அதனோடு, நம் காஞ்சியிலே பிறந்த அறிஞர் அண்ணாவின் இளமையையும் சேர்த்துப் பேச அவரிடம் இசைவு பெற்றேன். லிங்கன் பிறந்தது 1809-ஆம் ஆண்டு. அண்ணா பிறந்தது 1909-ஆம் ஆண்டு. லிங்கனை வளர்த்த மூதாட்டியார் மறைந்தது 1869. அண்ணா மறைந்தது 1969. இவ்வெண்களின் பொருத்தத்திலே தெய்வக் குறிப்பு ஏதோ உளதென்று கூறி உங்களை மயக்க விரும்பேன். நினைவிற் கொள்ள எளிது, அவ்வளவே. யான் இருவரையும் சேர்த்தமைக்குக் காரணம் வேறு. இருவரும் பெற்ற தாயின் கையில் அன்றிப் பிறிதொரு தாயின் கையில் வளர்ந்தவர்கள்.

நம் அகத்திணை இலக்கணத்தில் நற்றாய் என்றும் செவிலி என்றும் இருவரைப் பிரித்துக் கூறுவர். நற்றாய் ஈன்றவள், செவிலி வளர்த்தவள். தலைவியின் உள்ளக் குறிப்பை அறிந்து கவலுறும் உரிமை செவிலிக்கும் உண்டு. மகள் பிரிந்தபோது அவளைத் தேடிச் சுரவழி செல்பவளும் செவிலியே. இவ்வூர்க்குச் செவிலிமேடு என்னும் பெயர் எவ்வாறு அமைந்ததோ, அந்த ஆராய்ச்சியில் இப்போது புகுந்தால் பொழுது போதாது. பெயரில் அச்சொல் இருக்கின்றது. அதுவே இன்றைய பேச்சுக்குப் போதும்.

லிங்கன் கெண்டக்கி நாட்டில் ஒரு மரக்குடிசையில் பிறந்தார். 1816-இல் அவர் குடும்பம் இந்தியானாக் காட்டுப்பகுதிக்குக் குடிபெயர்ந்தது. ஈராண்டு சென்றபின் அவருடைய தாய் நான்சி நோயுற்று இறந்தார். நச்சுச் செடியை மேய்ந்த பசுவின் பாலைப் பருகியதால் வந்த நோய் அது. அக்காலத்தில் அதன் காரணத்தை அறிவார் அங்கு எவருமிலர். லிங்கனுக்கு வயது ஒன்பது. பதினொரு வயதுத் தமக்கையே அடுப்பு மூட்டிச் சமைத்தாள். தரை பாவாத குடிசை, மண்ணே தரை.

1819-ஆம் ஆண்டு இறுதியில் தந்தை தாமஸ் கெண்டக்கிக்குச் சென்று, மூன்று மக்களை உடைய சாரா என்னும் கைம்பெண்ணை மணந்து அழைத்து வந்தார். நம் நாட்டுக் கதைகளிலே மாற்றாந்தாய் என்றாலே கேட்போர் நெஞ்சம் சுருங்கும். கைகேயியும் கூனியின் சொல்லைக் கேட்குமுன் இராமனைத் தன் மகனாகவே எண்ணியிருந்தாள் என்பதை நாம் எளிதில் மறந்துவிடுகிறோம். சாரா அம்மையாரோ, வந்தவுடன் கணவரைக் கொண்டு குடிசைக்குப் பலகைத்தரை போடுவித்தார். தம் மக்களையும் தாயற்ற பிள்ளைகளையும் ஒருதன்மையராகவே நடத்தினார். அவர் எழுதப் படிக்க அறியாதவர். ஆயினும் அவர் கொணர்ந்த பொருள்களுள் சில நூல்களும் இருந்தன.

இனிக் கூறப்போவதே யான் சொல்ல வந்த பொருளின் நடுவிடம். லிங்கன் வாழ்நாள் முழுவதும் பள்ளிக்குச் சென்ற காலத்தைக் கூட்டினால் ஓராண்டு நிறையாது. எஞ்சிய காலமெல்லாம் கோடரியும் ஏருமே துணை. தந்தை அவரை அயலார் வயல்களுக்குக் கூலிக்கு அனுப்பி, அக்கூலியைத் தாம் பெற்றுக்கொண்டார். கொடியவர் என்று அவரைச் சொல்லுதற்கில்லை; ஏழைக் குடியானவர், வளர்ந்த மகனின் கை உழைப்பை நம்பியிருந்தார். உழைக்க வேண்டிய பிள்ளை புத்தகமும் கையுமாக இருப்பது அவருக்குப் பிடிக்கவில்லை. லிங்கன் மறைந்த 1865-ஆம் ஆண்டிலேயே, அவரோடு வழக்கறிஞர் தொழில் புரிந்த ஹெர்ண்டன் என்பார் சாரா அம்மையாரைக் கண்டு பழைய செய்திகளைக் கேட்டறிந்தார். பையன் பள்ளியிலும் வீட்டிலும் படிப்பதற்குத் தாமே கணவரை இசைவித்ததாகவும், அவர் முதலில் எளிதில் உடன்படவில்லை என்றும் அம்மையார் கூறினார். எழுத்தறியாத ஒரு பெண், எழுத்தின்பால் வேட்கை கொண்ட பிள்ளைக்காகத் தன் கணவரோடு வாதாடியிருக்கிறாள். அவ்வாதம் நிகழ்ந்த குடிசையில் நாம் ஒருவரும் இல்லை. ஆயினும் அதன் சொற்கள் எப்படியிருந்திருக்கும் என்பதை இங்குள்ள தாய்மார்களுக்கு யான் எடுத்துரைக்க வேண்டுவதில்லை.

பின்னர் லிங்கன் அஞ்சல் நிலையத் தலைவராயும் வழக்கறிஞராயும் இருந்ததும், 1832-லும் 1858-லும் தேர்தலில் வெற்றி கிட்டாது போனதும், 1861-இல் தலைமைப் பதவி ஏற்று அடிமை முறையை ஒழித்ததும் மாணவர்கள் படித்தறிந்தவையே. ஒன்றை மட்டும் சொல்வேன். தலைநகருக்குப் புறப்படுமுன், குளிர்காலத்தில், சென்று சாரா அம்மையாரைக் கண்டு விடைபெற்றார். மகனுக்கு ஏதோ தீங்கு நேருமென்று அவ்வம்மையார் நெஞ்சம் அஞ்சியது. 1865 ஏப்ரலில் லிங்கன் சுடப்பட்டு இறந்தார்.

இனி நம் காஞ்சிக்கு வருவோம். 1909 செப்டம்பர் 15-இல் நெசவாளர் குடியில் நடராசனார்க்கும் பங்காரு அம்மையார்க்கும் பிறந்தவர் அண்ணா. அவரை வளர்த்தவர் சிற்றன்னை இராசாமணி அம்மையார். ‘தொத்தா’ என்றே அண்ணா அவரை அழைத்தார். நம் பக்கத்துச் சொல் அது; பிற மாவட்டத்தார்க்குப் பொருள் சொன்னால்தான் விளங்கும். இவ்வூரிலிருந்து நடந்தே செல்லத்தக்க சின்னக் காஞ்சியில் அவ்வில்லம் இன்று அரசின் நினைவகமாய் நிற்கின்றது. பார்க்காதவர்கள் பிள்ளைகளை அழைத்துச் சென்று காட்டுக.

காஞ்சிப் பச்சையப்பன் பள்ளியிற் பயின்ற அவர், குடும்பத்தின் வறுமையால் படிப்பை நிறுத்தி, இவ்வூர் நகராட்சி அலுவலகத்தில் எழுத்தராய்ச் சில திங்கள் பணிபுரிந்தார். அன்று ஒரு நெசவாளர் வீட்டில் நிலையான சம்பளம் என்பது சிறிய பேறன்று. கோப்பும் நாற்காலியும் கிடைத்த பிள்ளையை மீண்டும் கல்லூரிக்கு அனுப்ப எத்தனை வீடுகள் துணியும்? அண்ணாவோ வேலையை விட்டுச் சென்னைப் பச்சையப்பன் கல்லூரியிற் சேர்ந்தார். 1934-இல் பொருளியலில் சிறப்புப் பட்டம் பெற்று வெளிவந்தார். வந்துகொண்டிருந்த சம்பளம் நின்றுபோன நாட்களைத் தாங்கியது தொத்தாவின் வீடு.

அரசியலில் அவர் கொண்ட கொள்கைகளை ஆராய்வது இச்சொற்பொழிவின் எல்லைக்கு அப்பாற்பட்டது. உங்களிலேயே அவற்றை ஏற்பாரும் மறுப்பாரும் உளர். 1936-இல் சென்னை மாநகராட்சித் தேர்தலிலும், 1962-இல் பிறந்த ஊராகிய காஞ்சியிலுமே தோல்வி கண்டவர், 1967-இல் முதலமைச்சரானார். 1953-இல் கைத்தறித் துணி விலைபோகாமல் தேங்கி நெசவாளர் வாடியபோது, திருச்சிராப்பள்ளித் தெருக்களில் துணியைத் தோளிற் சுமந்து விற்றார். 1968-இல் அமெரிக்க நாட்டு யேல் பல்கலைக்கழகத்தின் விருந்தினராய்ச் சென்று மாணவரோடு உரையாடினார். மற்றொன்றையும் நம் சங்கத்து ஏட்டில் மறைப்பது நேர்மையன்று. அவர் தம் பெயரோடு மரபுப் பட்டத்தைச் சேர்த்து எழுதியவர் அல்லர். அவரை நம்மவர் என்று உரிமை பாராட்டுங்கால் இதனையும் சேர்த்தே நாம் நினைத்தல் வேண்டும்.

கோர்வைச் சேலை நெய்யும் தறியின் இயல்பை உங்களுக்கு யான் கற்பிக்க வேண்டுவதில்லை. உடலும் கரையும் வெவ்வேறு நிறமாய் இணையவேண்டின் ஒருவர் கையால் இயலாது. மறுபக்கத்து நாடாவை எறிய மற்றொருவர் வேண்டும். முன்னாளில் அவ்விடத்தில் அமர்ந்தவர் பெரும்பாலும் சிறுவரே. சட்டம் அதனைத் தடுத்தது. வழக்கமும் பெரிதும் குறைந்தது. ஆயினும் வீட்டுக்குள் நிகழ்வதைச் சட்டம் எட்டிப்பார்ப்பது அரிது. பெற்றோர் இருக்கும் பிள்ளைக்காவது கேட்க ஆள் உண்டு. பிறர் வீட்டில் வளரும் பிள்ளைக்கு யார் உளர்?

சில ஆண்டுகட்கு முன், என் வகுப்பில் ஒரு மாணவன் முதற் பாடவேளையிலேயே உறங்கிவிடுவான். தந்தையை இழந்து மாமன் வீட்டில் வளர்ந்தவன். விசாரித்ததில் விடியுமுன்னே தறிக்கு அமர்கிறான் எனத் தெரிந்தது. வீட்டுக்குச் சென்றேன். மாமன் மரியாதையாகவே பேசினார்: “சோறு போடுகிறேன் ஐயா, துணி எடுத்துத் தருகிறேன்; அதற்குமேல் என்னால் என்ன செய்ய முடியும்?” அவர் கேட்டதிலும் ஒரு நியாயம் இருந்தமையால் எனக்கு விடை எழவில்லை. உள்ளேயிருந்து அவர் மனைவியார் வந்து, “காலையில் அவன் இடத்தில் நான் உட்காருகிறேன், அவன் தூங்கி எழுந்து பள்ளிக்குப் போகட்டும்” என்றார். மாமன் ஒன்றும் பேசவில்லை. மறுவாரத்திலிருந்து பையன் உறங்கவில்லை, பள்ளியிறுதியும் தேறினான்.

இவ்வூரிலும் சுற்றுப்புறத்திலும் பெற்றோரன்றிப் பிறரால் வளர்க்கப்பெறும் பிள்ளைகள் எத்தனை பேர் என்னும் கணக்கு நம் சங்கத்தாரிடம் இல்லை. சம்பளம், புத்தகம் ஆகியவற்றுக்கு உதவுவதாயின் முதலில் அக்கணக்கு வேண்டும். கூட்டம் கலையுமுன் யான் பின்வரிசையில் குறிப்பேட்டுடன் அமர்ந்திருப்பேன். மாமன் வீடாயினும், பாட்டி வீடாயினும், தொத்தா வீடாயினும், பிள்ளையின் பெயரும் வகுப்பும் சொன்னால் எழுதிக்கொள்வேன். பெண் பிள்ளைகளின் பெயரையும் விடாது சொல்லுக.