ஒழுகும் கூரையும் ஒட்டும் தார்த்தாளும்

(தோட்டக் கிளைக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மழை இறங்கினால் நம் காம்பராவில் முதலில் தேடுவது வாளியும் சட்டியும்தான். எந்த இடத்தில் எந்தச் சட்டியை வைக்க வேண்டும் என்பது நம் பிள்ளைகளுக்கும் தெரியும். அந்த நிலையில்தான் எங்கள் மாலை வகுப்பு அறையும் இருந்தது. 12 அடிக்கு 10 அடி அறை. மேலே சரிவு குறைந்த கொங்கிரீட் சிலாப். மழைக்காலம் வந்தால் வகுப்பு நின்றுவிடும். சாதாரண தரப் பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகள் நனைந்த கொப்பிகளை அடுப்படியில் காயவைத்தார்கள்.

அதனால் கிளைச் சேமிப்பிலிருந்து காசு எடுத்து, ஹார்ட்வெயார் கடையில் உரித்து ஒட்டும் தார்த்தாள் ஒரு சுருள் வாங்கினோம். அடியில் பசைத் தார் இருக்கும். அதை மூடியிருக்கும் மெல்லிய தாளை உரித்துவிட்டு ஒட்ட வேண்டும். நெருப்பு வேண்டாம், தார் காய்ச்ச வேண்டாம். சுலபம் என்று நினைத்தோம். மழை விட்ட ஒரு மத்தியானம் சிலாப்பைத் துணியால் துடைத்துவிட்டு, இருந்த தாளை வெடிப்புகளின் மேல் ஒட்டினோம். அடுத்த வெயிலில் கொப்புளம் கிளம்பியது. ஒரு மாதத்தில் ஓரம் எழும்பி, காற்றில் அடித்துக்கொண்டு நின்றது. காசு போனது. குற்றம் தாளில் இல்லை, எங்கள் அவசரத்தில்தான் இருந்தது.

இரண்டாம் முறை செய்ததைச் சொல்கிறோம். இதே வேலையை நீங்கள் செய்தால் உங்கள் காசு மிஞ்சும்.

முதலாவது, காலம். மலையில் பெப்ரவரி, மார்ச் மாதங்களில் வெயில் கிடைக்கும். அப்போதுதான் தொடங்கினோம். மேலே காய்ந்து தெரிந்தாலும் கொங்கிரீட்டின் உள்ளே ஈரம் இருக்கலாம். ஒரு பொலிதீன் துண்டை விரித்து, நாலு பக்கமும் டேப் ஒட்டி, மறுநாள் உரித்துப் பாருங்கள். அடியில் வியர்த்திருந்தால் இன்னும் காய வேண்டும்.

இரண்டாவது, வாட்டம். ஒரு வாளி தண்ணீர் ஊற்றிப் பார்த்தோம். நடுவில் குளம் கட்டியது. ஓர் அடிக்குக் கால் அங்குலமாவது சரிவு வேண்டும். தார்த்தாள் பள்ளத்தைச் சரியாக்காது. அதனால் சீமெந்துச் சாந்து பூசி, தண்ணீர் பீலிப் பக்கம் ஓடும்படி செய்து, அதையும் நன்றாகக் காயவிட்டோம்.

மூன்றாவது, சுத்தம். பாசியைக் கம்பித் தூரிகையால் சுரண்டி, தூசியைக் கூட்டித் தள்ளி, பிரைமர் பூசினோம். தொட்டால் விரலில் ஒட்டி வராத அளவுக்கு அது காய வேண்டும். காலைக் குளிரில் பசை பிடிக்காது. பத்து மணிக்குமேல் வெயில் ஏறிய பிறகே தாளைத் தொட்டோம்.

நான்காவது, ஒட்டும் முறை. பள்ளப் பக்கத்தில் தொடங்கி மேட்டுக்குப் போக வேண்டும். கூரைத் தகரம் அடுக்குகிற மாதிரித்தான். மேல் தாள் கீழ்த் தாளின்மீது 3 அங்குலம் ஏறி நிற்க வேண்டும். நீளத்தில் இணைக்கும் இடத்தில் 6 அங்குலம். தாளை முதலில் விரித்து நேர் பார்த்து, பாதியை மடக்கி, அந்தப் பாதியின் அடித்தாளை மட்டும் உரித்து ஒட்டிவிட்டு, பிறகு மற்றப் பாதி. நடுவிலிருந்து ஓரத்துக்கு உருளையால் அழுத்தினால் காற்று வெளியேறும். சுவர் சேரும் மூலையில் சீமெந்தைச் சாய்வாக வைத்து, தாளைச் சுவரில் 8 அங்குலம் ஏற்றி, மேல் ஓரத்தைத் தகரப் பட்டி வைத்துத் திருகாணியால் இறுக்கினோம். வெயில் படும் கூரைக்கு மேலே வெள்ளித்தாளோ கல்துகளோ உள்ளதையே கேட்டு வாங்குங்கள். வெறும் தார் வெயிலில் வெடித்துவிடும். அந்த அறைக்கு 1 மீற்றர் அகலம், 10 மீற்றர் நீளமான சுருள் இரண்டு போனது.

ஒரு எச்சரிக்கை. உரித்த தாள் எண்ணெய் மாதிரி வழுக்கும். எங்கள் தம்பி ஒருவர் அதை மிதித்துக் கூரையின் ஓரம் வரைக்கும் சறுக்கினார். உரித்தவுடன் சுருட்டிச் சாக்கில் போடுங்கள். பனியிலும் ஈரத்திலும் ஏறாதீர்கள். அஸ்பெஸ்டஸ் கூரையில் கால் வைக்கவே வேண்டாம், உடைந்து ஆள் உள்ளே விழுவார். அதைச் சுரண்டவும் வேண்டாம், அந்தத் தூசி நுரையீரலுக்கு விஷம்.

நெளித் தகரத்தில் இந்தத் தாள் முழுதாகப் படியாது. ஆனால் நீங்கள் பின்பக்கம் இறக்கிய குசினியின் தகரம் சுவரோடு சேரும் இடத்துக்கும், ஆணித் துளைகளுக்கும் துண்டு வெட்டி ஒட்டலாம். துருவைத் தேய்த்து, துடைத்து, காயவைத்த பிறகு. துரு தின்ற தகரத்தைத் தாள் காப்பாற்றாது, அதை மாற்றத்தான் வேண்டும்.

இப்போது சங்கத்தின் பேச்சுக்கு வருவோம். வகுப்பு அறை நாமே கட்டியது, நாமே பார்த்துக்கொண்டோம். லயம் அப்படி இல்லை. 1992இல் தோட்டங்களைக் கம்பனிகளிடம் கொடுத்தபோது லயமும் சேர்ந்துதான் போனது, நம் பெயருக்கு வரவில்லை. ஆகவே லயக் கூரையைத் திருத்துவது நிர்வாகத்தின் வேலை. நாம் ஒரு துண்டு ஒட்டியதைக் காட்டி, “நீங்களே செய்துகொள்கிறீர்களே” என்று துரை சொல்ல இடம் கொடுக்கக் கூடாது.

அதற்காகப் பிள்ளை நனைய விட்டுக்கொண்டும் இருக்க முடியாது. அதனால் இரண்டையும் செய்வோம். ஒட்டுவதற்கு முன் ஒழுகும் இடத்தைப் படம் எடுங்கள். காம்பரா இலக்கம், திகதி, செலவு எல்லாவற்றையும் கொப்பியில் எழுதுங்கள். கடைத் துண்டைப் பத்திரப்படுத்துங்கள். எழுத்தில் முறைப்பாடு கொடுத்து, பிரதியில் ஒப்பம் வாங்குங்கள். ஒரு காம்பராவின் முறைப்பாட்டை மேசைக்குள் போடலாம். ஒரு லயத்தின் எல்லாக் காம்பராக்களும் சேர்ந்து கொடுத்தால் பேச்சுவார்த்தைக்கு வரத்தான் வேண்டும். எழுத உதவி வேண்டுமானால் வகுப்பு அறைக்கு வாருங்கள்.

போன மழைக்கு அங்கே வகுப்பு நிற்கவில்லை. மேலே மழை கொட்டியது, கீழே பிள்ளைகள் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு காம்பராவிலும் அப்படி ஒரு மழை இரவு வர வேண்டும். அது கிடைக்கும் வரை தாளும் ஒட்டுவோம், கடிதமும் எழுதுவோம்.