தீர்ப்பு வந்தது, பிள்ளை வரவில்லை

(காஹாங்கில் நடந்த மக்கள் சந்திப்பில் ஆற்றிய உரை)



"கேஸ் ஜெயிச்சாச்சு" என்றதும் நம்மில் பலர் நிம்மதியாக வீட்டுக்குப் போய்விடுகிறோம். ஆனால் எதிராளி அந்த உத்தரவை மதிக்காவிட்டால்? அதற்காகத்தான் நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கை இருக்கிறது. மீறியவருக்கு அபராதம் விதிக்கலாம், சிறைக்கும் அனுப்பலாம். உயர் நீதிமன்றத்துக்கும் அதற்கு மேலுள்ள நீதிமன்றங்களுக்கும் அரசியலமைப்பின் 126-வது பிரிவு தந்த அதிகாரம் இது.

இந்த அதிகாரத்துக்கே வந்த சோதனையைப் பாருங்கள். ஈப்போவைச் சேர்ந்த பாலர்பள்ளி ஆசிரியை இந்திரா காந்தி. 2009-இல் அவருடைய கணவர் மதம் மாறினார். தாயைக் கேட்காமலே மூன்று பிள்ளைகளையும் மதம் மாற்றினார். 11 மாதக் கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு போனார். பிள்ளைகள் தாயிடமே இருக்க வேண்டும் என்று 2010-இல் ஈப்போ உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. குழந்தை வரவில்லை. 2014 மே மாதம், அவர் நீதிமன்றத்தை அவமதித்தார் என்று அதே நீதிமன்றம் முடிவு செய்து, அவரைச் சிறைப்படுத்த வாரண்டும் வந்தது.

வாரண்டை நிறைவேற்ற வேண்டியது போலீஸ். சிவில் நீதிமன்றம் ஒன்று சொல்கிறது, ஷரியா நீதிமன்றம் வேறு சொல்கிறது என்று போலீஸ் தலைமை ஒதுங்கி நின்றது. அந்தத் தாய் மறுபடியும் படியேறினார். 2014 செப்டம்பரில் வென்றார். டிசம்பரில் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் தோற்றார். போலீஸ் படைத் தலைவர் அந்த வாரண்டை நிறைவேற்றியே ஆக வேண்டும் என்று 2016 ஏப்ரல் 29-இல் கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2018 ஜனவரி 29-இல் பிள்ளைகளின் மதமாற்றமே செல்லாது என்றது.

நாட்டின் உச்ச நீதிமன்றமே சொல்லியாயிற்று. பிள்ளை வந்ததா? இல்லை! போலீஸ் மீதும் அரசாங்கத்தின் மீதும் அவர் தொடுத்த வழக்கை 2024-இல் ஈப்போ உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தபோதும், மகள் தாயிடம் வந்து சேரவில்லை. ஏழை ஒருவன் மீது வாரண்ட் வந்தால் இத்தனை ஆண்டுகள் காத்திருப்பார்களா?

இது ஒரு தாயின் பிரச்சினை மட்டுமல்ல. உத்தரவை மீறியவரைத் தேடிப் பிடிக்க அரசு முனையாவிட்டால், நாளை உங்கள் கையில் இருக்கும் உத்தரவுக்கும் அதே கதிதான்.

நாம் செய்ய வேண்டியது என்ன? உத்தரவின் முத்திரையிட்ட பிரதியை வாங்குங்கள். மீறினால் சிறை என்ற எச்சரிக்கை அதில் இருக்கட்டும். எதிராளியின் கையிலேயே அதைச் சேர்க்க வேண்டும். கெடு முடிந்த நாளையும், அவர் செய்யாததையும் எழுதி வையுங்கள். அவமதிப்பு வழக்குக்கு முதலில் நீதிமன்ற அனுமதி வேண்டும். குற்ற வழக்கைப் போலவே சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்கவும் வேண்டும். வாய்ப்பேச்சு அங்கே நிற்காது.

சம்பளப் பாக்கிக்கு வழி வேறு. தொழிலாளர் இலாகாவின் உத்தரவை முதலாளி மதிக்காவிட்டால், அதை செஷன்ஸ் நீதிமன்றத்தில் பதிந்து வசூலிக்கலாம். தொழிலியல் நீதிமன்றத் தீர்ப்பை மீறினால், அந்த நீதிமன்றத்திலேயே புகார் செய்யலாம்.

இன்னொன்று. நமக்கு எதிராக உத்தரவு வந்தாலும் அதை மீறாதீர்கள். அப்பீல் போட்டால் மட்டும் உத்தரவு நிற்காது, தடை உத்தரவும் கேட்டு வாங்க வேண்டும். நாம் சட்டத்தை மதித்து நடந்தால்தான், அரசாங்கமே, நீயும் மதி என்று நிமிர்ந்து நின்று கேட்க முடியும்.

கேட்போம்!